ஒத்திகைச் சொற்கள்

என் தம்பி ஃபின்லே மெக்ரிச்சி இசையமைத்த படங்களில் ஒன்றைக்கூட எங்கள் அப்பா பார்க்கவில்லை. ஒருமுறை பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சியில் ஏதோ போர்ப் படம் ஓடிக்கொண்டிருக்க, "இது உங்க சின்னவன் போட்ட மியூசிக்" என்று அவர்கள் பெருமையாகச் சொன்னார்களாம். அப்பா தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார், தொப்பியை எடுத்துக்கொண்டார், எழுந்து வந்துவிட்டார். தேநீர் பாதி அப்படியே மிச்சம் இருந்தது என்பதுதான் அந்த வீட்டுக்காரிக்குப் பல வருஷ மனத்தாங்கல்.

அப்பா எங்கள் ஊர் கார்லபோஸ்ட்டின் தேவாலயச் சபையில் பாட்டு வரி எடுத்துக் கொடுப்பவர். ஸ்காட்லாந்தின் லூயிஸ் தீவில் எங்கள் சபைகளுக்குள் வாத்தியம் நுழையாது. ஒருவர் எழுந்து வேதப் புத்தகத்துச் சங்கீதம் ஒன்றின் ஒரு வரியைத் தனியாகப் பாடுவார், சபை அதை வாங்கிப் பாடும். பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி ஒரே சீராக இல்லை. அவரவர் மூச்சுக்கு ஏற்றபடி, அவரவர் வளைவு நெளிவோடு ஒரு சுரத்திலிருந்து அடுத்த சுரத்துக்குப் போய்ச் சேருவார்கள். முந்துகிறவர் முந்துவார், பிந்துகிறவர் பிந்துவார். யாரும் யாருக்காகவும் காத்திருப்பதில்லை, ஆனாலும் கடைசியில் எல்லோரும் ஒரே இடத்தில்தான் இருப்பார்கள்.

அப்பாவுக்குப் பிறகு அந்த இடம் மூத்தவன் நார்மனுக்கு வந்தது. சுரம் பிடிக்கும் காது மட்டும் ஃபின்லேவுக்குத்தான் வாய்த்திருந்தது. அந்தக் காதை எடுத்துக்கொண்டு பதினேழு வயதில் கிளாஸ்கோவுக்குக் கப்பலேறினான். பகலில் இசைக் கல்லூரி, மாலையில் ஓட்டல்களில் பியானோ. பிறகு லண்டன். துப்பறியும் படம், பேய்ப் படம், நாய் தொலைந்துபோகிற படம் என்று கிடைத்ததற்கெல்லாம் இசை போட்டான். இயக்குநர்கள் யாருடைய இசையையோ இரவல் வாங்கிப் படத்தில் ஒட்டிவைத்துக்கொண்டு, "இதே மாதிரி வேணும், ஆனா இது மாதிரி இருக்கக் கூடாது" என்பார்களாம். வாழ்நாளில் பாதி அதிலேயே போய்விட்டது என்பான். இரண்டு முறை கல்யாணம் செய்தான், இரண்டு முறையும் அவர்கள் விட்டுப் போனார்கள். நானாக இருந்தால் இன்னும் சீக்கிரம் போயிருப்பேன். அவனோடு சாப்பிட உட்கார்ந்தால் கேள்விக்குப் பதில் வராது, மேஜையில் தாளம்தான் வரும்.

அவனுக்குப் பேர் வாங்கிக் கொடுத்தது ஒரே ஒரு வித்தை. ஐம்பது வயலின்காரர்களை உட்காரவைத்து, ஒவ்வொருவரையும் அவரவர் வேகத்தில் சுரத்துக்கு நகரச் சொல்வான். அரங்கமே அலை மாதிரி எழுந்து அடங்கும். "ஸ்காட்லாந்துக் கடலை இசையாக்கியவர்" என்று பத்திரிகைகள் எழுதின. கடலாவது கத்திரிக்காயாவது. அது எங்கள் சபை பாடுவது. அப்பாவுக்கும் அது தெரிந்திருந்தது. அதனால்தான் தேநீரை வைத்துவிட்டு எழுந்தார்.

அறுபத்தோரு வயதில், ஒரு ஏப்ரல் மாதம், ஃபின்லே என் வீட்டு வாசலில் வந்து இறங்கினான். கடைசியாக ஒரு படம் செய்வதாகவும், அது 'கிறிஸ்டினா' படகு மூழ்கிய கதை என்பதால் இங்கே தங்கி வேலை பார்ப்பதாகவும் சொன்னான். நான் இந்தத் தீவில் முப்பது வருஷம் நர்ஸாக வேலை பார்த்தவள். அவன் கண்ணின் மஞ்சளைப் பார்த்ததும் எதற்கு வந்திருக்கிறான் என்று புரிந்துவிட்டது. முன்னறையில் படுக்கை போட்டேன்.

'கிறிஸ்டினா'வில் போனவர்களில் எங்கள் தாத்தாவும் ஒருவர். ஊரில் ஆள் போகாத வீடே கிடையாது. உடல்கள் ஒதுங்கிய அன்று கடற்கரையிலேயே சங்கீதம் பாடினார்கள் என்று எல்லோரும் கேட்டு வளர்ந்திருக்கிறோம். படத்திலும் அந்தக் காட்சி வருகிறது. அதற்கு வயலின் வேண்டாம், எங்கள் சபையே பாட வேண்டும் என்று ஃபின்லே ஆசைப்பட்டான். நாற்பது வருஷம் போலி செய்தாகிவிட்டது, சாவதற்குள் அசலை ஒருமுறை தன் வேலையில் வைத்துவிட வேண்டும். அவ்வளவுதான் அவன் கேட்டது. அதற்கு நார்மன் மனது வைக்க வேண்டும்.

நானும் கூடப் போனேன். நார்மன் அடுப்படியில் உட்கார்ந்து ஹெர்ரிங் மீனின் முள்ளை எடுத்துக்கொண்டிருந்தான். அண்ணன் ஒரு கல்லுளிமங்கன். தலையைக்கூட நிமிர்த்தவில்லை.

"அண்ணே, உங்கிட்ட ஒண்ணு கேக்கணும்" என்றான் ஃபின்லே.

"கேளு."

"பாட்டு வேணும். சபை பாடற மாதிரியே."

"ஞாயித்துக்கெழம வா. எல்லாரும் பாடுவோம். கதவு தொறந்துதான இருக்கு, நாப்பது வருஷமா."

"படத்துக்குண்ணே. தாத்தாவைக் கரையில போட்டு வெச்சுப் பாடினாங்கல்ல, அந்த எடத்துக்கு."

"அன்னிக்கு செத்தவங்க இருந்தாங்க, பாடினாங்க. இப்ப யாரு செத்திருக்கா?"

"கொஞ்சம் பொறு. நானே செத்துக் காட்டறேன்."

நார்மன் அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தான். அவனுக்கும் அந்த மஞ்சள் தெரிந்திருக்க வேண்டும். கத்தியை வைத்துவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டான்.

"ஒரு தடவ பாடினா போதுமா?" என்றான்.

ஃபின்லே பொய் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. "போதாதுண்ணே. மைக் சரியா அமையற வரைக்கும் திருப்பித் திருப்பிப் பாட வேண்டியிருக்கும்."

"அப்ப அதுக்குப் பேரு ஒத்திகை. ஒத்திகைக்குக் கர்த்தரோட வார்த்தைய எடுக்க மாட்டோம்னு உனக்குத் தெரியாதா? லண்டன் போனதும் மறந்துட்டியா?"

தெரியாமல் என்ன. சிறுவயதில் மெட்டு பழகும்போது எங்கள் யாருக்கும் சங்கீதத்தின் சொற்களைத் தர மாட்டார்கள். வேத வார்த்தையை வெறும் தொண்டைப் பயிற்சிக்கு மெல்லக் கூடாது. அதற்கென்றே அசட்டுச் சொற்கள் உண்டு. எங்கள் ஊர்ச் சொற்கள் எஃபி கிழவியின் கோழி போதகர் தொப்பிக்குள் முட்டையிட்ட கதை. மெட்டு அதே கனத்த மெட்டுதான். அதன்மேல் கோழி உட்கார்ந்திருக்கும். மெட்டு நன்றாகப் படிந்த பிறகு, ஓய்வு நாளான ஞாயிற்றுக்கிழமை, சபைக்குள்தான் உண்மையான சொற்கள் வாய்க்கு வரும்.

"மெட்டு மனுஷன் போட்டது. அத எத்தன தடவ வேணும்னாலும் பாடறோம், எடுத்துக்கோ" என்றான் நார்மன். "வார்த்தைய மட்டும் கேக்காத. அது என்னோடது இல்ல, எடுத்துக் குடுக்கறதுக்கு."

ஃபின்லே சிதறிக் கிடந்த மீன் முட்களை விரலால் ஒன்றுசேர்த்தான். பிறகு, "சரிண்ணே" என்றான்.

பள்ளிக்கூடக் கூடத்தில் ஒலிப்பதிவு நடந்தது. படத்தின் இயக்குநர் ரோசலிண்ட் லண்டனிலிருந்து ஆட்களோடு வந்திருந்தாள். நல்ல பெண், ஆனால் எதைப் பார்த்தாலும் கண்ணில் தண்ணீர் வந்துவிடும், ஆட்டுக்குட்டியைப் பார்த்தால்கூட. சபையே திரண்டு வந்து, நார்மன் எடுத்துக் கொடுக்க, எஃபியின் கோழியை அலை அலையாகப் பாடியது. ஒருவர் முகத்திலும் சிரிப்பு இல்லை. சிறு வயதிலிருந்து பாடியதுதானே. ரோசலிண்ட் கைக்குட்டையை எடுத்தாள்.

ஃபின்லே ஹெட்போனைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டான். நான் பக்கத்தில் போய், "என்னடா, நல்லாதான இருக்கு?" என்றேன்.

"எல்லாம் இருக்குக்கா. மெட்டு இருக்கு, குரல் இருக்கு, அந்த இழுப்பு இருக்கு. யாரும் யாரையும் கூப்பிடற மாதிரி இல்ல, அவ்வளவுதான்."

"என்ன வார்த்தைன்னு அந்தப் பொண்ணு கிட்ட சொல்லிடு."

"எதுக்கு? நம்ம தீவுப் பாஷை தெரிஞ்சவன் எவனும் சினிமாவுக்குப் போகப் போறதில்ல."

அவன் சொன்னதில் ஒரு நியாயம் இருந்தது. ஆனால் ரோசலிண்டின் நல்ல மனசை அவன் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. ஜூன் மாதம், படம் முழுசாக முடிவதற்கு முன்பே, 'கிறிஸ்டினா' ஊரார்தான் முதலில் பார்க்க வேண்டும் என்று அதை அவள் எங்கள் கூடத்துக்கே கொண்டுவந்து திரை கட்டிவிட்டாள். சினிமா பாவம் என்பவர்கள்கூடத் தாத்தா, பெரியப்பா முகத்தை யாரோ போட்டுக்கொண்டு வருகிறார்கள் என்பதால் வந்தார்கள். நார்மன் வரவில்லை. ஃபின்லேயை நாற்காலியோடு தூக்கிவந்து முன்வரிசையில் வைத்தோம்.

படம் நன்றாகத்தான் இருந்தது. புயல் வந்தபோது கூடத்தில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. உடல்களைக் கரையில் வரிசையாகக் கிடத்தி, பாய்த்துணியால் மூடினார்கள். ஒரு பெண் துணியின் ஓரத்தை விலக்கி முகம் பார்த்தாள். அப்போது பாட்டு எழுந்தது. கூடவே திரையின் அடியில் ஆங்கில எழுத்தும் ஓடியது. கடலில் போகிறவர்கள் நெருக்கத்தில் கூப்பிட்டார்கள், கர்த்தர் கேட்டார் என்கிற சங்கீதத்தை யாரோ லண்டனில் நல்ல எண்ணத்தோடு எழுதிப் போட்டிருந்தார்கள். கண்ணுக்குக் கர்த்தர், காதுக்கு எஃபியின் கோழி.

என் பக்கத்தில் டோலினா உட்கார்ந்திருந்தாள். அவள் வீட்டிலும் 'கிறிஸ்டினா'வில் இரண்டு பேர் போனார்கள். கெட்டவள் இல்லை. அவள் தோள் குலுங்குவது தெரிந்தது. அழுகிறாள் என்று நினைத்துக் கையைப் பிடித்தேன். அவள் வாயில் கைக்குட்டையைத் திணித்துக்கொண்டிருந்தாள். பின்வரிசையில் ஒருவன் சிரிப்பை மறைக்க இருமினான். கோழி தொப்பிக்குள் இறங்குகிற வரி வந்தது, எழுத்தில் கர்த்தர் புயலை அமர்த்தினார், அதோடு கூடமே உடைந்தது. அடக்க அடக்க மீறி வருகிற அந்தச் சிரிப்பு இருக்கிறதே, ஆசையாகச் சிரிக்கிற சிரிப்பைவிட அது கொடுமை. எங்கள் சொந்த ரத்தம் மணலில் கிடக்க நாங்கள் கண்ணில் நீர் வரச் சிரித்தோம். எனக்கும் வந்தது.

ஃபின்லே மட்டும் அசையவில்லை. ரோசலிண்ட் எங்கள் முகங்களை மாறி மாறிப் பார்த்து, "என்ன தப்பு? நான் என்ன தப்பு பண்ணேன்?" என்றாள். அவளுக்கு விஷயத்தைச் சொன்னது ஃபின்லேதான்.

மறுநாள் காலை கப்பலுக்குப் போகுமுன் அவள் வீட்டுக்கு வந்தாள். அழவில்லை, அதனால் எனக்கே பயமாக இருந்தது. "வெள்ளிக்கிழமைக்குள்ள நெஜமான வார்த்தையோட ஒரு பாட்டு அனுப்புங்க ஃபின்லே. ஏழெட்டு பேர் பாடினாக்கூடப் போதும், உங்க ரெக்கார்டிங் மெஷினிலேயே எடுங்க. இல்லைன்னா அந்த எடத்துக்கு உங்க பழைய வயலின் அலைதான். என்னால வேற ஒண்ணும் செய்ய முடியாது" என்றாள்.

அவள் போன பிறகு ஃபின்லே சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். "தாத்தாவப் பாத்து ஊரச் சிரிக்க வெச்சுட்டேனேக்கா" என்றான். அவ்வளவு வருஷத்தில் அவன் அழுது நான் பார்த்தது அன்றுதான்.

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது. நேராக நார்மனின் தொழுவத்துக்குப் போனேன். ஓர் ஆட்டை மடக்கிப் பிடித்துக் குளம்பைச் செதுக்கிக்கொண்டிருந்தான்.

"ஒனக்குத் திருப்தியா?" என்றேன். "வார்த்தையக் காப்பாத்திட்ட. நேத்து தாத்தா பொணத்து மேல ஊரே விழுந்து விழுந்து சிரிச்சுது. ஒன் புண்ணியம்."

"கேள்விப்பட்டேன்."

"கேள்விப்பட்டியா? அவன் சொவத்தப் பாத்துப் படுத்துக்கிட்டிருக்கான். இன்னும் எத்தன நாள்னு நான் சொல்லணுமா? அப்பா பாதி டீயில எழுந்து போனாரு. நீ அவருக்கு மேல. நீ டீயே குடுக்க மாட்ட."

"மர்டீனா."

"என்ன?"

"ஆட்டப் பிடி. ஓடிடப் போவுது."

பிடித்தேன். வேறென்ன செய்வது. அவன் நாலு குளம்பையும் முடித்துவிட்டு, கத்தியை மடக்கிப் பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் போய்விட்டான். வழியெல்லாம் நான் அவனைத் திட்டிக்கொண்டே திரும்பினேன்.

வியாழக்கிழமை காலை, நான் கஞ்சி கிண்டிக்கொண்டிருந்தபோது கதவு திறந்தது. நார்மன் ஓய்வுநாள் கோட்டுப் போட்டிருந்தான். கையில் வேதப் புத்தகம். அவனுக்குப் பின்னால் டோலினாவும் அவள் புருஷனும், இன்னும் ஒரு பத்துப் பன்னிரண்டு பேர், எல்லோரும் கறுப்பில். நோயாளி இருக்கிற வீட்டுக்கு வந்து ஜெபம் செய்வது எங்கள் ஊர் வழக்கம்தான். ஆனால் வார நாளில், இத்தனை பேர், இந்த உடுப்பில் வருவதில்லை. டோலினா என் முகத்தைப் பார்க்கவில்லை. முன்னறை நிரம்பி, மிச்சப் பேர் நடையில் நின்றார்கள்.

ஃபின்லேயைத் தலையணை கொடுத்துச் சாய்த்து உட்காரவைத்தேன். அவன் கட்டிலுக்குப் பக்கத்து மேஜையில் அந்த மெஷின் எப்போதும்போல இருந்தது, மைக் செருகியபடி. நார்மன் அதைக் குனிந்து பார்த்தான்.

"இதுதானா?" என்றான்.

"ஆமாண்ணே. அது ஓடல. நான் போடல."

"போட்டுக்கோ."

அறையில் யாரோ மூச்சை இழுத்துக்கொண்டார்கள். நார்மன் அவர்கள் பக்கம் திரும்பவில்லை. "சபை மூப்பருங்க கேட்டா நான் பதில் சொல்லிக்கறேன். வார்த்தையக் காப்பாத்தப் போயி செத்தவங்களக் கைவிட்டுட்டேன். ஒரு தடவதான் பாடுவோம், திருப்பிப் பாட மாட்டோம். போட்டுக்கோ, ஃபின்லே."

ஃபின்லே மெஷின் பக்கம் கையை நீட்டினான்.  வாழ்நாள் முழுக்க அவன் கேட்டது இதோ, காசில்லாமல், கெஞ்சாமல், வீடு தேடி வந்து நிற்கிறது. அவன் விரல் பொத்தான்மேல் இருந்தது. பிறகு அவன் மைக்கின் கம்பியைப் பிடித்து மெதுவாக உருவி எடுத்து, போர்வைமேல் போட்டான்.

"வேண்டாண்ணே" என்றான்.

"ஏன்?"

"இது ஓடினா நான் கேட்டுக்கிட்டே இருப்பேன். எங்க ஏறுது, எங்க எறங்குது, யாரு முந்தறா, அதையேதான் பாப்பேன். பாட மாட்டேன்." கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டான். "இந்தத் தடவ நான் பாடணும்."

 நார்மன் புத்தகத்தைத் திறந்தான், ஆனால் அதைப் பார்க்கத் தேவையிருக்கவில்லை. முதல் வரியை எடுத்துக் கொடுத்தான். கூடத்தில் கேட்ட குரல் இல்லை அது. அடிவயிற்றிலிருந்து ஒருவரைத் தேடிக்கொண்டு வருகிற குரல். வரி எங்கள் கைக்கு வந்தது, நாங்கள் வாங்கிக்கொண்டோம். ஃபின்லே பிந்தினான். நாற்பது வருஷம் பிந்தியவன், சுரத்துக்குப் போகிற வழியிலேயே மூச்சு தீர்ந்து நின்றான். அடுத்த மூச்சில் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தான். வறண்ட, கரகரத்த குரல். நார்மன் அடுத்த வரியை எடுக்காமல், தம்பி கரை சேருகிற வரைக்கும் நின்றான். எங்கள் சபையில் யாரும் யாருக்காகவும் காத்திருக்க மாட்டார்கள் என்று சொன்னேன் அல்லவா. அன்று எல்லோரும் காத்திருந்தார்கள், ஒவ்வொரு வரிக்கும்.

பாட்டு முடிந்தது. நார்மன் குனிந்து ஃபின்லேயின் நெற்றியில் கை வைத்தான். எங்கள் வீட்டு ஆண்களுக்கு அது பழக்கமில்லாத காரியம். கை எங்கே வைப்பது என்று தெரியாமல் வைத்த மாதிரி இருந்தது. பிறகு, "கஞ்சி அடி பிடிக்குது மர்டீனா" என்று சொல்லிவிட்டு வெளியே போனான். உண்மையிலேயே அடிபிடித்திருந்தது.

வெள்ளிக்கிழமை ஃபின்லே லண்டனுக்குப் போன் செய்தான். பாட்டு இல்லை, வயலின் அலையும் வேண்டாம், அந்த இடத்தில் எதுவும் போடாதே என்றான். ரோசலிண்ட் போனிலேயே கத்தினாள், எனக்கே கேட்டது. கடைசியில் ஒத்துக்கொண்டாள். ஆகஸ்ட் மாதம், புல் அறுக்கிற சமயத்தில், அவன் போய்விட்டான். நார்மன் கல்லறையில் சங்கீதம் எடுத்துக் கொடுத்தான். பெண்கள் கல்லறைவரை போகிற வழக்கமில்லை, அதனால் நான் வாசலில் நின்று, காற்று கொண்டுவந்த வரைக்கும் கேட்டேன். மூப்பர்கள் நார்மனிடம் எதையும் கேட்கவில்லை. கேட்க மெஷினில்தான் ஒன்றும் இல்லையே.

அடுத்த வசந்தத்தில் டாக்டரைப் பார்க்கக் கிளாஸ்கோ போனபோது அந்தப் படம் ஓடிக்கொண்டிருந்தது. டிக்கெட் வாங்கி உட்கார்ந்தேன். கரைக் காட்சி வந்தது. வாய்கள் திறந்து மூடுகின்றன, சத்தம் இல்லை. காற்றும் அலையும் மட்டும். இசையமைப்பாளர் ஃபின்லே மெக்ரிச்சியின் மிக உயர்ந்த சாதனை அந்த மௌனம்தான் என்று பத்திரிகைகள் எழுதியிருந்தன. எனக்கு ஆத்திரமாக வந்தது. மௌனமாவது சாதனையாவது. அவன் குரல் இருந்தது. கரகரவென்று, மூச்சு அறுந்து அறுந்து, ஆனாலும் கடைசி வரி வரைக்கும் வந்து சேர்ந்த குரல். இந்த இருட்டில் உட்கார்ந்திருக்கிற ஒருவருக்கும் அது இனிக் கிடைக்காது. ஊரில் கேட்டவர்கள் பேச மாட்டார்கள். நார்மன் பேசவே மாட்டான். என் காதில் மட்டும் அது இருக்கிறது, அதை யாருக்கும் எடுத்துக் கொடுக்க எனக்குத் தெரியவில்லை. பக்கத்து இருக்கையில் இருந்த பெண் என்னைப் பார்த்து, "உங்களுக்கு வேண்டியவங்க யாராவது அந்தப் படகுல போனாங்களாம்மா?" என்று மெல்லக் கேட்டாள். ஆமாம் என்றேன்.